பிளாக் சண்டே ப்ளூ-ரே: பார்பரா ஸ்டீலுக்காகவே வாங்கலாம்

1960-ல் மரியோ பாவா எடுத்த இந்த இத்தாலியப் பேய்ப் படத்தைப் பல வருஷமாக மங்கலான பிரதியில்தான் பார்த்திருக்கிறேன். இப்போது ப்ளூ-ரே வட்டில் பார்த்தபோது புதுப் படம் மாதிரி இருந்தது.

ஆணி பதித்த முகமூடியைச் சூனியக்காரி ஆசாவின் முகத்தில் சம்மட்டியால் அடித்து இறக்கும் தொடக்கக் காட்சி இன்றைக்கும் உலுக்குகிறது. அப்புறம் சமாதியில் அந்த முகமூடி கழன்றதும் துளைகள் நிறைந்த முகம் தெரியும் பாருங்கள், கறுப்பு வெள்ளையில் ஒவ்வொரு துளையின் நிழலும் தனித்தனியாகத் தெரிகிறது. ஆசா, அவள் வம்சத்தில் வந்த காத்யா இரண்டுமே பார்பரா ஸ்டீல்தான். அதே முகம், அதே பெரிய கண்கள், ஆனால் ஒருத்தியைப் பார்த்தால் பாவமாக இருக்கிறது, மற்றவளைப் பார்த்தால் நடுங்குகிறது. ஒலி பரவாயில்லை. ஆங்கிலப் பதிப்பில் வருவது அவர் சொந்தக் குரல் இல்லை என்பதுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

இங்கிலாந்தில் பிறந்தவர், புகழ் கிடைத்தது இத்தாலியில். 1963-ல் இயக்குநர் ஃபெலினியின் ‘எட்டரை’ படத்தில் நடித்தார், 1975-ல் இயக்குநர் குரோனன்பெர்க்கின் ‘ஷிவர்ஸ்’, 1978-ல் ‘பிரானா’. பிறகு தயாரிப்புப் பக்கம் போய் ‘வார் அண்ட் ரிமெம்பரன்ஸ்’ தொலைக்காட்சித் தொடருக்கு அமெரிக்காவின் எம்மி விருதும் வாங்கினார். பேய்ப் பட நாயகி என்று மட்டும் அவரைச் சுருக்குவது அநியாயம். வாங்கினால் விளக்கை அணைத்துவிட்டு, இத்தாலிய ஒலியில் பாருங்கள்.