மறுபடி ஓட்டினால் என்ன ஆகும்? டேட்டா வேர்ஹவுஸ் பைப்லைன் கருவிகள்: ஓர் ஒப்பீட்டு அலசல்

எத்தனை கனெக்டர் (ஒவ்வொரு மூலத்தோடும் இணைக்கும் நிரல்), எவ்வளவு வேகம், என்ன விலை: பல இடங்களிலிருந்து தரவை இழுத்து, அலசலுக்கான டேட்டா வேர்ஹவுஸில் சேர்க்கும் பைப்லைன் கருவிகளை ஒப்பிடும்போது எல்லோரும் முதலில் கேட்பது இந்த மூன்றைத்தான். ஜாப், அதாவது தரவை ஏற்றும் வேலை, ஒழுங்காக ஓடும் நாளில் எல்லாக் கருவியும் நல்ல கருவிதான். விற்பனை டெமோவில் எதுவும் பாதியில் நிற்பதில்லை. அதனால் இங்கே வேறோர் அளவுகோலை எடுத்துக்கொள்கிறேன். நேற்று இரவு பாதியில் நின்ற ஜாப்பை இன்று காலை மறுபடி ஓட்டினால் டேபிளில் என்ன இருக்கும்? சரியான கணக்கா, இரட்டிப்பா, நடுவில் ஓட்டையா?

கிளவுட் வேர்ஹவுஸில் இந்தக் கேள்விக்குக் கூடுதல் கனம் உண்டு. போஸ்ட்கிரெஸ் போன்ற டேட்டாபேஸில் ப்ரைமரி கீ (ஒவ்வொரு வரியையும் தனித்துக் காட்டும் அடையாளம்) வைத்திருந்தால், அதே வரி இரண்டாம் முறை வரும்போது பிழை காட்டி நின்றுவிடும். கிளவுட் வேர்ஹவுஸ்களில், அதாவது ஸ்னோஃப்ளேக்கின் வழக்கமான டேபிள்களிலும் கூகுளின் பிக்குவெரியிலும் அமேசானின் ரெட்ஷிஃப்டிலும், ப்ரைமரி கீயை அறிவிக்கலாம், ஆனால் அதை யாரும் அமல்படுத்த மாட்டார்கள். ஒரே ஆர்டர் இரண்டு முறை வந்தால் இரண்டும் சத்தமில்லாமல் உள்ளே போய்விடும். ரெட்ஷிஃப்டும் பிக்குவெரியும் இன்னொரு படி மேலே: அந்த அறிவிப்பை நம்பியே குவெரியைத் திட்டமிடும். கீ பொய்யாக இருந்தால் விடையும் தப்பாக வரலாம்.

ஏற்றும் கட்டளையிலேயே வேறுபாடு

கருவி வாங்குவதற்கு முன் வேர்ஹவுஸ் தானாக என்ன தருகிறது என்று பார்த்துவிடுவோம். ஃபைல்களை ஸ்டோரேஜில் போட்டு உள்ளே இழுப்பதுதான் அடிப்படை வேலை.

ஸ்னோஃப்ளேக்கின் காப்பி கட்டளை எந்தெந்த ஃபைலை ஏற்றியது என்று 64 நாள் நினைவில் வைத்திருக்கும். அதே ஃபைலை மறுபடி கொடுத்தால் தாண்டிப் போய்விடும். ஃபைல் வந்தவுடன் தானாக ஏற்றும் ஸ்னோபைப்புக்கும் இந்த நினைவு உண்டு, ஆனால் 14 நாள்தான். அதுவும் வேறிடத்தில் இருக்கிறது: காப்பியின் நினைவு டேபிளோடு, ஸ்னோபைப்பின் நினைவு பைப்போடு. ஒன்று ஏற்றியது மற்றொன்றுக்குத் தெரியாது. பைப்பை அழித்து மறுபடி உருவாக்கினால் நினைவும் கூடவே போய்விடும்.

இதைவிட நுணுக்கமான இடம் ஒன்று இருக்கிறது. மூலத்தில் பிழை திருத்தி, அதே பெயரில் ஃபைலை மறுபடி அனுப்புகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். காப்பி கட்டளை உள்ளடக்கம் மாறியதைக் கண்டுகொண்டு முழு ஃபைலையும் திரும்ப ஏற்றும். பழைய வரிகளும் இருக்கும், புதியவையும் இருக்கும். ஸ்னோபைப் பெயரை மட்டுமே பார்ப்பதால் திருத்திய ஃபைலைக் கண்டுகொள்ளவே செய்யாது. ஒரே நிறுவனத்தின் இரண்டு வழிகள், ஒரே நிகழ்வு, இரண்டு விதமான தப்பு. ஃபைல் பெயரில் தேதியும் நேரமும் சேர்த்து, ஒருமுறை எழுதிய ஃபைலை மாற்றவே கூடாது என்று அனுப்புபவர்களிடம் கறாராகச் சொல்லிவிடுவதுதான் இதற்கு வழி.

பிக்குவெரி இந்த விஷயத்தில் எனக்குப் பிடித்தது. நாள்வாரியாகப் பிரித்த டேபிளில் ஒரு குறிப்பிட்ட நாளின் பகுதியை மட்டும் குறிப்பிட்டு, இருப்பதை அழித்து இதை எழுது என்று சொல்லலாம். பத்து முறை ஓட்டினாலும் அந்த நாளுக்கு ஒரே விடைதான். பேட்ச் லோடுக்குத் தனிக் கட்டணமும் கிடையாது, பொது ஸ்லாட்டுகளில் (எல்லோரும் பகிரும் கணிப்புத் திறனில்) ஓடும் வரை. ரெட்ஷிஃப்டின் பழைய காப்பி கட்டளைக்கு நினைவே இல்லை. ஸ்டேஜிங் எனும் இடைக்கால டேபிளில் ஏற்றி, ஒரே டிரான்சாக்ஷனுக்குள் (முழுவதும் நடக்கும், அல்லது எதுவும் நடக்காது) பழையதை நீக்கிப் புதியதைச் சேர்ப்பதுதான் அங்கே நெடுநாள் வழக்கம். அலுப்பான வேலைதான், ஆனால் அதில் மறைவான பொறி எதுவும் இல்லை.

வாங்குவதா, எழுதுவதா

ஃபைல் அல்லாத மூலங்களுக்கு, அதாவது சிஆர்எம் (வாடிக்கையாளர் விவரம் வைக்கும் மென்பொருள்), பேமெண்ட் சேவை, விளம்பரத் தளம் போன்றவற்றுக்கு, மூன்று வழிகள்: ஃபைவ்டிரான் மாதிரி முழுக் கட்டணச் சேவை, ஏர்பைட் மாதிரி நாமே நிறுவிக்கொள்ளக்கூடிய கருவி, சொந்தமாக எழுதும் பைதான் ஸ்கிரிப்ட்.

சொந்த ஸ்கிரிப்டைக் குறைத்து மதிப்பிட வேண்டாம். இரண்டு மூன்று ஏபிஐ (வெளிச் சேவையிடம் நிரல் வழியே தரவு கேட்கும் வாசல்) மட்டும் என்றால் அதுவே போதும். டிஎல்டி போன்ற பைதான் நூலகம் இருப்பதால் பக்கம் பக்கமாக இழுப்பது, ஸ்கீமா (டேபிள் அமைப்பு) மாற்றம், மெர்ஜ் (வரி இருந்தால் புதுப்பித்து, இல்லையென்றால் சேர்ப்பது) எல்லாம் நாமே எழுதத் தேவையில்லை. சிக்கல் வருவது 'கடைசியாக எங்கே விட்டோம்' என்ற குறியில். பெரும்பாலோர் மாற்றிய நேரம் என்ற நெடுவரிசையில் அதிகபட்ச மதிப்பைச் சேமித்து, அடுத்த முறை அதற்கு மேல் இருப்பதைக் கேட்பார்கள். 10:00:05 என்று நேரம் பதிந்த ஒரு வரி, நீண்ட டிரான்சாக்ஷனில் மாட்டி 10:00:40க்குத்தான் கமிட் ஆகிறது, அதாவது மற்றவர் கண்ணுக்குத் தெரிகிறது. நம் ஸ்கிரிப்ட் 10:00:30க்கு வந்து, 10:00:28 வரை பார்த்துவிட்டுப் போய்விட்டது. அந்த வரி இனி வரவே வராது. குறியைச் சற்றுப் பின்னால் தள்ளி, வேண்டுமென்றே முன்பு இழுத்ததன்மேல் கொஞ்சம் படியும்படி இழுத்து, கீ வைத்து மெர்ஜ் செய்வதுதான் சரி. இன்சர்ட் மட்டும் செய்யும் ஸ்கிரிப்டில் இதைச் செய்தால் இரட்டிப்பு. இந்த இரண்டும் எப்போதும் சேர்ந்தே இருக்க வேண்டும்.

ஃபைவ்டிரான் இந்த நிலையில் உண்மையிலேயே நிம்மதி தருகிறது. மூலத்தின் ப்ரைமரி கீயை வைத்துச் சேர்க்கும் அல்லது புதுப்பிக்கும். கீயே இல்லாத டேபிளுக்கு வரியின் மதிப்புகளிலிருந்து தானே ஒரு அடையாளம் உருவாக்கிக்கொள்ளும். மூலத்தில் அழிந்ததைத் தனி நெடுவரிசையில் குறித்துவைக்கும். மறுபடி ஓடினாலும் எண்ணிக்கை ஏறாது. தலைவலி பில்லில். ஒரு மாதத்தில் மாறிய தனித்தனி வரிகளின் எண்ணிக்கையே கட்டணத்துக்கு அடிப்படை. ஒரே வரி நூறு முறை மாறினாலும் அந்த மாதத்துக்கு ஒன்றுதான் என்பது நல்ல சேதி. ஆனால் பயனர் டேபிளில் 'கடைசியாகப் பார்த்த நேரம்' என்று ஒரு நெடுவரிசை இருந்து, உள்ளே வந்த ஒவ்வொருவருக்கும் அது மாறினால், வந்தவர் அத்தனை பேரின் வரியும் கணக்கில் ஏறும். அறிக்கையில் அந்த நெடுவரிசையை யாரும் பார்த்திருக்கக்கூட மாட்டார்கள். கையெழுத்துப் போடுவதற்கு முன் எந்த டேபிள் எவ்வளவு அடிக்கடி மாறுகிறது என்று மூலத்திலேயே ஒரு குவெரி போட்டுப் பார்ப்பது நல்லது.

ஏர்பைட்டில் ஒவ்வொரு டேபிளுக்கும் ஒத்திசைவு முறையை நாம்தான் தேர்ந்தெடுக்க வேண்டும்: முழுவதும் அழித்து எழுதுவது, சேர்த்துக்கொண்டே போவது, சேர்த்தபின் இரட்டிப்பை நீக்குவது. ஒரு வரி குறைந்தது ஒரு முறையாவது வந்துசேரும் என்பதே அதன் வாக்குறுதி. சரியாக ஒரு முறை என்பதல்ல. ஆகவே வெறுமனே சேர்க்கும் முறையைத் தேர்ந்தெடுத்தால் இரட்டிப்பு வருவது பழுதல்ல, எதிர்பார்க்க வேண்டியதே. நேரக்குறி வைத்து இழுக்கும்போது மூலத்தில் அழிந்த வரி அதற்குத் தெரியவும் தெரியாது. கனெக்டர்களின் தரமும் சீராக இல்லை. பரவலாகப் பயன்படுபவை உறுதியாக இருக்கும், ஓரத்தில் இருப்பவற்றைச் சோதிக்காமல் நம்பக் கூடாது. இலவசம் என்பதற்காக எடுப்பவர்கள் அதை இயக்கும் ஆளின் நேரத்தையும் கணக்கில் சேர்க்க வேண்டும். முன்பு டாக்கர் கம்போஸ் என்ற எளிய கருவியில் எளிதாக நிறுவிக்கொண்டிருந்தோம். 2024இல் அந்த வழியைக் கைவிட்டுக் பெரிய அமைப்புகளுக்கான குபெர்னெட்டிஸ் பக்கம் தள்ளிவிட்டார்கள்.

எதை வாங்குவதாக இருந்தாலும் சோதனைக் காலத்தில் மூன்று வேலை செய்து பாருங்கள். ஜாப்பை நடுவில் கொன்று மறுபடி ஓட்டுங்கள். மூலத்தில் ஒரு வரியை அழியுங்கள். ஒரு நெடுவரிசையின் வகையை எண்ணிலிருந்து எழுத்துக்கு மாற்றுங்கள். பிறகு மொத்த வரிகளையும் தனித்த கீக்களையும் எண்ணிப் பாருங்கள். விலைப்பட்டியலைவிட இது நிறையச் சொல்லும்.

மூலம் நம் சொந்த டேட்டாபேஸ் என்றால் அதன் லாக்கை (ஒவ்வொரு மாற்றத்தின் பதிவை) படிக்கும் டெபீசியம் போன்ற வழி இன்னும் துல்லியம்: அழிப்பும் தெரியும், தாமதக் கமிட்டும் தப்பாது. அதற்கு விலை போஸ்ட்கிரெஸ் பக்கம் இருக்கிறது. லாக்கைப் படிக்கும் நிரல் நின்றுபோனால், அதற்காக ரெப்ளிகேஷன் ஸ்லாட் (எதுவரை படித்தது என்ற குறி) லாக்கை அழிக்காமல் வைத்துக்கொண்டே இருக்கும். டிஸ்க் நிரம்பி, வாடிக்கையாளர் பயன்படுத்தும் டேட்டாபேஸே விழலாம். போஸ்ட்கிரெஸ் 13இல் இதற்கு ஓர் உச்சவரம்பு வைக்கும் வசதி வந்தது. வரம்பைத் தாண்டினால் ஸ்லாட் செல்லாததாகிவிடும், முழுவதும் முதலிலிருந்து இழுக்க வேண்டியதுதான். அறிக்கை தாமதமாவது பரவாயில்லை, வாடிக்கையாளர் பயன்படுத்தும் டேட்டாபேஸ் விழக் கூடாது என்பவர்கள் வரம்பை வைத்துவிடுங்கள். அமேசானின் அரோரா டேட்டாபேஸிலிருந்து ரெட்ஷிஃப்டுக்கு 2022இல் அறிவித்த ஜீரோ-ஈடிஎல் (தனிப் பைப்லைன் இல்லாமல் நகலெடுக்கும் வசதி) இதையெல்லாம் மூடிமறைத்துத் தருகிறது. ஒரே கிளவுடுக்குள் குடியிருப்பவர்களுக்கு நல்ல வழி, மற்றவர்களுக்குப் பேச ஒன்றுமில்லை.

உள்ளே வந்தபின்

ஏற்றிய தரவை அறிக்கைக்கான டேபிள்களாக மாற்றும் உருமாற்ற அடுக்கைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை, ஏனென்றால் டிபிடி என்ற கருவி பெரும்பாலும் வென்றுவிட்டது. எஸ்கியூஎல் ஃபைல்கள், மாற்றங்களைப் பதிந்துவைக்கும் கிட், சோதனைகள். புதிதாக வருபவருக்கும் புரியும். புதிதாக வந்ததை மட்டும் சேர்க்கும் அதன் இன்கிரிமென்டல் மாடலில் தனித்த கீ கொடுக்க மறந்தால், நாம் பேசிவரும் அதே இரட்டிப்பு இங்கேயும் வரும். 2024 இறுதியில் வந்த 1.9 பதிப்பின் மைக்ரோபேட்ச் முறை நேரத் துண்டுகளாகப் பிரித்து ஓட்டுகிறது, தவறிய துண்டை மட்டும் மறுபடி ஓட்டலாம். ஸ்னோஃப்ளேக்கின் டைனமிக் டேபிளில் அந்தக் கவலையே இல்லை: விடை எப்படி இருக்க வேண்டும், எவ்வளவு பின்தங்கலாம் என்று சொன்னால் போதும், எதை எப்போது புதுப்பிப்பது என்பது அதன் பாடு. ஆனால் குவெரி சற்றுச் சிக்கலாகிவிட்டால் ஒவ்வொரு முறையும் முழுவதும் கணக்கிடத் தொடங்கிவிடும். அதைக் கவனிக்காவிட்டால் கிரெடிட் (ஸ்னோஃப்ளேக்கின் கட்டண அலகு) கரையும். ஃபைவ்டிரானும் டிபிடி லேப்ஸும் இணைவதாக 2025 அக்டோபரில் அறிவித்தன. இழுப்பதும் உருமாற்றுவதும் ஒரே கடையில் என்பது வசதி. விலை பேசும்போது அது நமக்குச் சாதகமல்ல.

யார் எழுப்புவது

கடைசியாக, எந்த ஜாப் எப்போது ஓட வேண்டும் என்று முடிவு செய்யும் அடுக்கு. குறித்த நேரத்தில் நிரலை ஓட்டும் சர்வர் கருவியான கிரான், வேர்ஹவுஸுக்குள்ளேயே இருக்கும் டாஸ்க், தனியாக நிறுவும் ஏர்ஃப்ளோ அல்லது டாக்ஸ்டர். அதிக வாக்குவாதம் நடப்பதும், தேவையில்லாமல் அதிகம் செலவாவதும் இங்கேதான்.

கிரானுக்கு 'இப்போது' மட்டுமே தெரியும். சர்வர் அணைந்திருந்த இரவின் ஜாப்பை அது பிறகு ஓட்டாது. முந்தைய ஓட்டம் முடியாமலேயே அடுத்ததைத் தொடங்கிவிடும். இரண்டு மணிக்கு இழுப்பது, மூன்று மணிக்கு உருமாற்றுவது என்று இடைவெளி விட்டுவைப்பார்கள்; தரவு வளர்ந்து ஒருநாள் இழுப்பது 3:10க்கு முடியும். அன்றைய அறிக்கையில் பாதி நாள்தான் இருக்கும், பிழைச் செய்தி எங்கேயும் இருக்காது.

ஸ்னோஃப்ளேக் டாஸ்க்குகள் இதில் பாதியைத் தீர்க்கின்றன. ஒன்று முடிந்தால்தான் அடுத்தது. வழக்கமான அமைப்பில் ஒரே டாஸ்க் தன்மேல் தானே ஏறி ஓடாது. புதிதாக உருவாக்கிய டாஸ்க் உறங்கும் நிலையிலேயே இருக்கும், நாம்தான் எழுப்ப வேண்டும் என்பதை மறப்பவர்கள் ஏராளம். செலவில்தான் கவனம் தேவை. ஸ்னோஃப்ளேக் தன் கணிப்பு இயந்திரத்தையே வேர்ஹவுஸ் என்கிறது; அதில் மிகச் சிறிய எக்ஸ்-ஸ்மாலுக்கு மணிக்கு ஒரு கிரெடிட். எழுந்தாலே குறைந்தது 60 நொடிக்குக் கட்டணம். ஐந்து நொடி வேலையை நிமிடத்துக்கு ஒருமுறை ஓட்டினால் வேர்ஹவுஸ் தூங்கவே தூங்காது: நாளுக்கு 24 கிரெடிட். அதே வேலையைச் சேர்த்துவைத்து மணிக்கு ஒருமுறை இரண்டு நிமிடம் ஓட்டி, ஒரு நிமிடத்தில் தூங்கவிட்டால் நாளுக்கு 72 நிமிடம், அதாவது 1.2 கிரெடிட். இருபது மடங்கு. அறிக்கையை மணிக்கொருமுறை பார்ப்பவருக்காக நிமிடத்துக்கொருமுறை புதுப்பிக்கும் ஏற்பாடுகளை நிறையவே பார்க்கலாம்.

பிக்குவெரியின் திட்டமிட்ட குவெரி எளிமையானது, ஆனால் ஒரு நல்ல விஷயம் செய்கிறது: ஓடும் தேதியை ஒரு அளவுருவாகத் தருகிறது. குவெரியில் இன்றைய தேதியை அழைக்காமல் அந்த அளவுருவைப் பயன்படுத்தினால், போன மாதத்தின் பத்து நாளைத் திரையிலிருந்தே பேக்ஃபில் செய்யலாம், அதாவது பின்னோக்கி நிரப்பலாம். சிறு குழுவுக்கு இதற்கு மேல் தேவைப்படுவது அரிது.

ஏர்ஃப்ளோ 2014இல் ஏர்பிஎன்பியில் பிறந்து, 2019இல் அப்பாச்சியின் முதல்நிலைத் திட்டமானது. அதன் பலமே இந்தத் தேதிதான். ஒவ்வொரு ஓட்டத்துக்கும் எந்தக் காலத் துண்டுக்கான வேலை என்ற அடையாளம் உண்டு. தவறிய செவ்வாயை வெள்ளிக்கிழமை ஓட்டினாலும் அது செவ்வாயின் வேலைதான். ஆனால் பைதான் கோடுக்குள் இப்போதைய நேரத்தை அழைத்துவிட்டால் இந்த ஏற்பாடு முழுவதும் வீண். கோடு பரிசீலனையில் நான் முதலில் தேடுவது அதைத்தான். தவறிய ஓட்டங்களைத் தானாக ஓட்டும் வழக்கமும் மாறியிருக்கிறது: முந்தைய பதிப்புகளில் இயல்பாகவே ஓடும், 2025இல் வந்த 3.0இல் நாம் கேட்டால்தான். பதிப்பு உயர்த்துபவர்கள் இதைப் பார்க்காமல் விட்டால், தானாக நிரம்பும் என்று நினைத்த ஓட்டை அப்படியே இருக்கும்.

டாக்ஸ்டர் வேலையை அல்ல, விளையும் டேபிளை முன்னால் வைக்கிறது. எந்த டேபிளின் எந்த நாள் பகுதி காலி என்று திரையில் தெரியும், அதைத் தேர்ந்து நிரப்பலாம். இன்று புதிதாகத் தொடங்கினால் நான் எடுப்பது இதைத்தான். ஏர்ஃப்ளோ தெரிந்த ஆட்கள் எளிதில் கிடைப்பார்கள் என்பது எதிர்வாதம். குழு பெரிதென்றால் அந்த வாதமே வெல்லும்.

ஆனால் எல்லா வேலையும் வேர்ஹவுஸுக்குள்ளேயே நடக்கிறது, வெளியே இருப்பது ஒரு கட்டணக் கனெக்டர் மட்டும் என்றால், ஏர்ஃப்ளோவும் வேண்டாம் டாக்ஸ்டரும் வேண்டாம். ஷெட்யூலர், அதற்கொரு டேட்டாபேஸ், வொர்க்கர்கள், பதிப்பு உயர்வு என்று பராமரிக்க இன்னொரு அமைப்பு வந்து சேரும். வெளியே மாடல் பயிற்சி, வேறு நிறுவனத்துக்கு ஃபைல் அனுப்புவது, ஒப்புதலுக்காகக் காத்திருப்பது போன்ற வேலைகள் வந்து, அவற்றில் ஒன்று தவறினால் வேர்ஹவுஸ் ஜாப் நிற்க வேண்டும் என்ற நிலை வரும்போது வாங்கினால் போதும்.