காலர் மைக்கா, பூம் மைக்கா?

ஓரங்கட்டப்பட்ட கிராம மக்களைப் பற்றி ஆவணப்படம் எடுப்பவர் முதலில் முடிவு செய்ய வேண்டியது ஒலியை.

உடையில் மாட்டும் சிறிய மைக்கான காலர் மைக்கை முகவாய்க்கு ஒரு சாண் கீழே மாட்டினால், குனிந்து களை பறிப்பவரின் முணுமுணுப்புகூடத் தெளிவாக விழும். கேமரா எட்ட நிற்கலாம். துணி உரசினால் சரசரப்பு வரும். ஒயரைச் சின்ன வளையமாகச் சுற்றி மருத்துவ டேப்பால் ஒட்டினால் பெருமளவு அடங்கும். பெரிய சிக்கல் வேறு: மாட்டியிருப்பவருக்குச் சற்று நேரத்தில் மைக் இருப்பதே மறந்துபோகும். நிலக்காரரைப் பற்றியோ கடனைப் பற்றியோ பக்கத்தில் இருப்பவரிடம் கிசுகிசுப்பதும் பதிவாகும். அது படத்தில் வந்தால் பிழைப்பு போவது அவருக்குத்தான், இயக்குநருக்கு அல்ல. கேமராவை நிறுத்தியதும் மைக்கின் ஒலியை அனுப்பும் டிரான்ஸ்மிட்டரையும் அணைத்துவிட வேண்டும்.

நீண்ட கழியில் மாட்டிய பூம் மைக்கைப் பேசுபவரின் தலைக்கு மேல் 40 முதல் 60 செ.மீ. உயரத்தில், நுனி மார்பைப் பார்க்கும்படி பிடிக்க வேண்டும். நாலு பேர் மாறி மாறிப் பேசும் கூட்டத்தில் இதுதான் கைகொடுக்கும். வெளியில் காற்றுக்கு ரோம உறை கட்டாயம். தகரக் கூரைக்குள் எதிரொலிக்கும். தரையில் கம்பளி விரித்தால் கொஞ்சம் குறையும். பிடிக்க ஓர் ஆள் வேண்டும், சிறிய வீட்டில் அவர் நிற்கவே இடமிருக்காது. ஆனால் மைக் கண்ணெதிரே தொங்குவதால், பதிவாகிறது என்பது எல்லோருக்கும் தெரியும். தனி ஒருவரை நாள் முழுதும் பின்தொடராதவரை பூம் மைக்கே மேல்.