முடிகிற கதையை முதலில் கொடுங்கள்: வெப்டூன், மங்கா, செவ்வியல் நாவல், சுயமுன்னேற்ற நூல்

அண்ணன் மகளுக்குப் பிளஸ் டூ தேர்வு முடிந்த மறுநாளே போன் வந்துவிட்டது. “சித்தப்பா, படிக்க ஏதாவது வாங்கிக் குடுங்க. காலேஜ் திறக்குறதுக்குள்ள முடிக்கிற மாதிரி இருக்கணும்.” எட்டாம் வகுப்புக்குப் பிறகு பாடப்புத்தகம் தவிர எதையும் கடைசிப் பக்கம் வரை படித்ததில்லை என்று அவளே சொன்னாள். ஆனால் படிக்கவே இல்லை என்று சொல்லிவிட முடியாது. ராத்திரி பதினோரு மணிக்குப் போர்வைக்குள் போன் வெளிச்சத்தில் வெப்டூன், அதாவது போனில் படிக்கிற கொரியப் படக்கதை, ஓடிக்கொண்டுதான் இருந்தது.

நாலாயிரம் ரூபாய் ஒதுக்கினேன். எதை வாங்குவது என்பதில் வீட்டில் ஆளுக்கொரு கட்சி. அண்ணனுக்குச் சுயமுன்னேற்ற நூல்தான் வேண்டும். காலேஜ் போகிற பிள்ளைக்கு நாலு நல்ல பழக்கம் வரட்டும் என்றார். அம்மாவுக்குப் பொன்னியின் செல்வன். “அஞ்சு பாகமும் பரண் மேலயே இருக்கு, எதுக்குடா காசு?” என்று கேட்டார். பிள்ளைக்கோ, பாதியில் நிற்கும் வெப்டூனின் அடுத்த அத்தியாயங்களைத் திறக்க, அந்தச் செயலியில் காசு கொடுத்து வாங்குகிற காயின் வாங்கித் தந்தால் போதும். நான் வாங்கியது ‘எ சைலன்ட் வாய்ஸ்’ என்கிற மங்கா, அதாவது ஜப்பானியப் படக்கதை, ஆங்கில மொழிபெயர்ப்பில். ஏழே பாகம், முடிந்த கதை. ரூ. 3,500-க்குக் கொஞ்சம் மேலே ஆயிற்று.

நான்கில் எது உயர்ந்தது என்கிற கேள்விக்குள் நான் போகவில்லை. படிக்கிற பழக்கம் விட்டுப்போன ஒருவருக்கு முதலில் எதைக் கொடுப்பது என்பதுதான் என் கேள்வி. விலை, கலர், தாளின் தரம், போனில் படித்தால் கண் வலிக்குமா என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். என் முடிவை அவை மாற்றவில்லை. நான் பார்த்தது ஒன்றே ஒன்று: அந்தக் கதை முடிகிறதா, இந்த ஆள் முடிக்கிற தூரத்தில் முடிகிறதா?

பல வருஷமாக ஒன்றையும் முடிக்காதவருக்குத் தன்மேல் ஒரு சந்தேகம் உட்கார்ந்திருக்கும். ‘எனக்குப் பொறுமை இல்லை, எனக்கு இதெல்லாம் வராது’ என்று. எந்தப் புத்தகத்தின் பெருமையைச் சொன்னாலும் அந்தச் சந்தேகம் போகாது. ஒன்றை எடுத்து, கடைசிப் பக்கம் பார்த்து, மூடி வைத்தால்தான் போகும். அதனால்தான் முதல் புத்தகத்தின் நீளம் அவ்வளவு முக்கியம் என்கிறேன்.

வெப்டூனை இந்தக் கண்ணோடு பாருங்கள். கொரியாவில் 2000-களின் தொடக்கத்தில், இணையத் தளங்களில் பிறந்த வடிவம் அது. நேவர் என்கிற கொரிய இணைய நிறுவனம் தன் வெப்டூன் தளத்தை 2004-இல் தொடங்கியது. ஆங்கிலத்தில் 2014 முதல் கிடைக்கிறது. பக்கம் என்பதே கிடையாது, மேலிருந்து கீழே தள்ளிக்கொண்டே போக வேண்டியதுதான். இரண்டு படங்களுக்கு நடுவில் விடுகிற வெற்றிடம்தான் அதில் நேரம். ஒருத்தி கதவைத் திறக்கிறாள். பிறகு ஒரு முழம் நீளத்துக்குக் கறுப்பு. அதற்குப் பிறகுதான் உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியும். கட்டைவிரல் தள்ளுகிற அந்த இரண்டு நொடியில் நெஞ்சு அடித்துக்கொள்ளும். அச்சில் இதைச் செய்யவே முடியாது. அந்தக் கலையை நான் மதிக்கிறேன்.

ஆனால் அது வாராவாரம் வருகிற சரக்கு. ஒவ்வொரு அத்தியாயமும் ஒரு முடிச்சில்தான் நிற்கும். சீசன் முடிந்தால் சில மாதம் இடைவெளி. ‘டவர் ஆஃப் காட்’ 2010-இல் தொடங்கியது; அப்போது பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டு அதை வாசித்தவர்கள் இன்று வேலைக்குப் போய்விட்டார்கள். முடிந்தவையும் உண்டு. ‘சோலோ லெவலிங்’ 2018-இல் தொடங்கி 179 அத்தியாயத்தில் முதன்மைக் கதையை முடித்துக்கொண்டது. ஆனால் அது முடிந்த கையோடு அதே மாதிரி இன்னும் பத்தைச் செயலி முன்னால் நீட்டிவிடும். படித்து முடித்தோம் என்று மூச்சு விட இடமில்லை. போதாக்குறைக்கு, அண்ணன் மகள் ஒரு வருஷம் தொடர்ந்து படித்த ஒரு கதையை ஒருநாள் அந்தச் செயலியிலிருந்தே எடுத்துவிட்டார்கள். காயின் போட்டுத் திறந்த அத்தியாயங்களும் சேர்ந்தே போயின. பிள்ளைக்கு அழுகையே வந்துவிட்டது. கையில் ஒரு பிரதி இருந்திருந்தால் அது நடந்திருக்காது. ஒன்றையும் ஒப்புக்கொள்கிறேன்: பெண் வாசகர்கள் கொண்டாடுகிற காதல் வெப்டூன்களை நான் அதிகம் படித்ததில்லை. அந்தப் பக்கம் முடிகிற, சின்னக் கதைகள் நிறைய இருக்கலாம்.

வாராவாரம் முடிச்சுப் போட்டு நிறுத்துவது நமக்கு ஒன்றும் புதிதில்லை. பொன்னியின் செல்வனே கல்கி இதழில் 1950 முதல் 1954 வரை தொடராக வந்ததுதான். வாராவாரம் கிழித்துச் சேர்த்து, தைத்து, பைண்டு பண்ணி வைத்த பிரதிகள் இன்னும் பல வீடுகளில் இருக்கின்றன. எங்கள் பரணில் இருப்பதும் அப்படி ஒன்று. நடுநடுவே மணியம் வரைந்த படங்கள், ஓரமெல்லாம் பழுப்பு. ஆக, தொடராக வந்தது என்பது குறையே இல்லை. அது முடிந்து, தைத்து, கையில் கிடைக்கிறது என்பதுதான் வித்தியாசம்.

மங்காவும் தொடராக வந்து பிறகு நூலாகிறதுதான். ஒரு பாகம் ஏறத்தாழ 200 பக்கம். ஒரு மணி நேரம், மிஞ்சிப் போனால் ஒன்றரை மணி நேரம். எல்லா மங்காவையும் கண்ணை மூடிக்கொண்டு சிபாரிசு செய்ய மாட்டேன். ‘ஒன் பீஸ்’ 1997-இல் தொடங்கி நூறு பாகங்களைத் தாண்டியும் போய்க்கொண்டிருக்கிறது. புதிதாக வருகிறவருக்கு அதைக் கொடுத்தால் மலைத்துப்போவார். ‘பெர்செர்க்’ வரைந்த கென்டாரோ மியூரா 2021-இல் கதை முடியாமலே காலமானார்; அவருடைய நண்பரும் சீடர்களும் சேர்ந்து தொடர்கிறார்கள். அதைப் படித்தபோது எனக்குக் கல்கியின் ஞாபகம்தான் வந்தது. அவர் பாதியில் விட்டுப்போன ‘அமரதாரா’ நாவலை மகள் ஆனந்திதானே எழுதி முடித்தார்? எனவே என் விதி எளிது: முடிந்த கதை, பன்னிரண்டு பாகத்துக்குள்.

அந்த விதிக்குள் நின்றது ‘எ சைலன்ட் வாய்ஸ்’. யோஷிடோகி ஓய்மா எழுதி வரைந்தது, 2013–14-இல் வந்தது. காது கேளாத ஒரு சிறுமி ஆறாம் வகுப்பில் புதிதாகச் சேர்கிறாள். அவளைச் சீண்டுகிற பையனே கதாநாயகன். அவளுடைய காது கருவிகளைப் பிடுங்கி எறிகிறான், அவள் எழுதிப் பேசுகிற நோட்டுப் புத்தகம் தண்ணீரில் விழுகிறது. விஷயம் வெளியே வந்ததும் கூடவே சேர்ந்து சிரித்த வகுப்பு மொத்தமும் அவன் ஒருவன் மேல் பழியைப் போட்டுவிட்டு அவனை ஒதுக்குகிறது. வருஷங்கள் கழித்து, சைகை மொழி கற்றுக்கொண்டு, அந்த நோட்டை எடுத்துக்கொண்டு அவளைத் தேடிப் போகிறான். அவ்வளவுதான் தொடக்கம்.

யார் முகத்தையும் நிமிர்ந்து பார்க்க முடியாதவனாக அவன் வளர்ந்துவிட்டான். அதை ஒரு வரியில்கூடச் சொல்லாமல், பள்ளிக்கூடத்தில் அவனைச் சுற்றி இருக்கிற எல்லோருடைய முகத்திலும் பெரிய பெருக்கல் குறி போட்டு வைத்திருக்கிறார் ஓய்மா. வகுப்பு முழுக்கப் பெருக்கல் குறிகள். பிறகு ஒருவன் நண்பனாகிறபோது அவன் முகத்திலிருந்து அந்தக் குறி உரிந்து கீழே விழுகிறது. அங்கே ஒரு முகம் இருக்கிறது. அண்ணன் மகள் அந்தப் பக்கத்தில் விரலை வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் பேசாமல் இருந்தாள். பிறகு, “எங்க கிளாஸ்லயும் இப்படி ஒரு பொண்ணு இருந்தா சித்தப்பா” என்றாள். மேற்கொண்டு அவள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டும் என்பது முதல் பத்துப் பக்கத்துக்குத்தான் தொல்லை. முதலில் நம் புத்தகம் மாதிரியே திறந்து கடைசிக் காட்சியைப் பார்க்கப்போனவளைத் தடுத்தேன். அதற்குப் பிறகு கண் தானாகவே பழகிவிட்டது. முதல் பாகம் ஒரு மத்தியானம். ஏழும் ஒன்பது நாளில் முடிந்தன. ஏழாவதை மூடிவிட்டு, ஏழையும் வரிசையாக அடுக்கி, முதுகுப் பக்கத்தைக் கையால் ஒருமுறை தடவிப் பார்த்தாள். நான் காத்திருந்தது அதற்குத்தான்.

எச்சரிக்கை ஒன்று சொல்லியாக வேண்டும். அந்தக் கதையில் தற்கொலை எண்ணம் வருகிறது, கதையின் மையத்திலேயே வருகிறது. சின்னப் பிள்ளைகளுக்கு வாங்குகிறவர்கள் முதலில் தாங்கள் படித்துவிடுங்கள். மனம் சோர்ந்திருக்கிற பிள்ளையென்றால் கூடவே இருந்து படியுங்கள். படக்கதையென்றால் குழந்தைச் சமாச்சாரம் என்று நினைக்கிற பெரியவர்களுக்கு ஒசாமு தெசுகாவின் ‘புத்தா’வை நீட்டலாம், ஆங்கிலத்தில் எட்டு பாகம். துப்பறியும் கதை பிடிக்கிற கல்லூரிப் பையன்களுக்கு ‘டெத் நோட்’, பன்னிரண்டு பாகம். வாங்குவதற்கு முன் ருசி பார்க்க வேண்டுமென்றால், ஷூயேஷா பதிப்பகத்தின் மங்கா பிளஸ் செயலியில் அவர்களுடைய பல தொடர்களின் முதல் அத்தியாயங்கள் இலவசமாகவே கிடைக்கின்றன.

அண்ணன் சொன்ன சுயமுன்னேற்ற நூலும் வீட்டுக்கு வந்தது. அவரே வாங்கி வந்தார். மூன்றாம் அத்தியாயத்தில் நிற்கிறது. அந்தப் புத்தகத்தைக் குறை சொல்ல மாட்டேன். இந்த வகை நூல்களில் மையக் கருத்து முன்பகுதியிலேயே வந்துவிடுகிறது. மிச்சம் பெரும்பாலும் உதாரணங்கள். கடனை அடைக்க வேண்டும், காலையில் எழ வேண்டும் என்று ஒரு குறிப்பான சிக்கலோடு வருகிறவருக்கு அந்த ஒரு அத்தியாயம் போதும், பலனும் இருக்கும். எங்கள் அப்பா தலைமுறையில் எம். எஸ். உதயமூர்த்தியின் ‘எண்ணங்கள்’ படித்து எழுந்து நின்றவர்களை நேரில் பார்த்திருக்கிறேன். ஆனால் முடிக்கிற பழக்கத்தை மீட்டெடுக்க இது உதவாது; முடிக்காமல் விட்டாலும் ஒன்றும் இழப்பில்லையே. நான் படித்தது மொத்தமே ஐந்தாறு நூல்கள்தான், தொழில் தொடங்குகிறவர்கள் வேறு மாதிரி சொல்லக்கூடும்.

செவ்வியல் நாவலைத் தள்ளிவைத்தது எனக்கே வருத்தம்தான். நான் வளர்ந்ததே அதில். ஆடிப்பெருக்கன்று வீரநாராயண ஏரிக்கரையில் வந்தியத்தேவன் குதிரையில் வருகிற அந்தத் தொடக்கத்தைப் பத்து வயதில் அம்மா வாசித்துக் காட்டியது இன்னும் காதில் இருக்கிறது. விலையும் பிரச்சினை இல்லை. கல்கியின் எழுத்து நாட்டுடைமை ஆகிவிட்டது. மதுரைத் திட்டம் என்கிற இணைய நூலகத்தில் ஐந்து பாகமும் இலவசம். ஆனால் ஐந்து பாகம் என்பது இரண்டாயிரம் பக்கத்துக்கு மேல். மங்கா முடிந்த சூட்டில் அவளே பரணிலிருந்து முதல் பாகத்தை இறக்கினாள், முடித்தாள். இரண்டாம் பாகத்தில் வந்தியத்தேவனை இலங்கையில் விட்டுவிட்டுக் காலேஜுக்குப் போய்விட்டாள். அதையே முதலில் கொடுத்திருந்தால், இன்னொரு முடிக்காத புத்தகம் என்று அவள் கணக்கில் சேர்ந்திருக்கும்.

தமிழில் மட்டும்தான் படிப்பேன் என்கிறவரிடம் ஆங்கில மங்காவை நீட்ட முடியாது. அவர்களுக்கு நான் கொடுப்பது அசோகமித்திரனின் ‘தண்ணீர்’. சென்னையில் குடம் தூக்கிக்கொண்டு அலைகிற ஜமுனாவின் கதை. சின்ன நாவல், இரண்டு மத்தியானம் போதும். இல்லையென்றால் தஸ்தயேவ்ஸ்கியின் ‘வெண்ணிற இரவுகள்’. முடிகிற தூரம் என்கிற அதே அளவுகோல்தான். செவ்வியல் என்றாலே தலையணை கனம் என்று யாரோ கிளப்பிவிட்டார்கள்.

மங்கா வாங்குகிறவர்களுக்குப் பராமரிப்பில் ஒரு செலவு காத்திருக்கிறது. நாவல் ஒன்று தொலைந்தால் ஒன்றுதான் போகும். செட்டில் ஒரு பாகம் போனால் அதற்குப் பின்னால் இருப்பதெல்லாம் முடமாகிவிடும். பழைய புத்தகக் கடையில்கூட முழு செட்டுக்கு ஒரு விலை, பல் போன செட்டுக்கு வேறு விலை. விடுதித் தோழி ஒருத்தி ஐந்தாவதை மட்டும் வாங்கிப்போய்த் திருப்பித் தரவில்லை. தனியாக அந்த ஒரு பாகத்தைத் தேடிப்பிடிக்க எனக்கு ஒன்றரை மாதம் ஆயிற்று. இரட்டைப் பக்கப் படங்களுக்காக விரித்து அழுத்திப் படித்ததில் இரண்டாம் பாகத்தின் பசை வேறு விட்டிருந்தது. பைண்டரிடம் கொடுத்து ஒட்டினேன். இப்போது தனிப் பாகமாக யாருக்கும் தருவதில்லை. கேட்கிறவர்களுக்கு ஏழையும் ஒரே மஞ்சப்பையில் போட்டுக் கொடுக்கிறேன், ஏழாகவே திரும்பி வர வேண்டும். பை தற்சமயம் அவளுடைய வகுப்புத் தோழி வீட்டில் இருக்கிறது. நாலாவது பாகத்துக்கு வந்துவிட்டாளாம்.