ஃபிலிமா, வீடியோவா: நினைவைப் பிடிக்க எது?

நினைவையும் அடையாளத்தையும் படமாக்க நினைப்பவர் முதலில் இரண்டு கலைஞர்களை அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும்.

லிதுவேனியாவிலிருந்து அகதியாகி 1949-இல் நியூயார்க் வந்த ஜோனாஸ் மேகாஸ், வந்த கொஞ்ச நாளிலேயே போலெக்ஸ் என்ற 16 எம்.எம். கேமராவை வாங்கினார். அது சாவி கொடுத்து ஓட்டும் கேமரா. ஒரு தடவை முறுக்கினால் அரை நிமிடம் ஓடுவதே அபூர்வம். 100 அடி சுருளும் மூன்று நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும். அதனால் காட்சிகள் துண்டு துண்டாக வரும். நமக்கு ஞாபகம் வருவதும் அப்படித்தானே? குரலைப் பிறகுதான் சேர்த்தார். திரையில் ஒரு காலம் ஓட, பேசும் குரல் இன்னொரு காலத்தில் இருக்கும்.

வீடியோவின் பலம் அடுக்குவதில் இருக்கிறது. பெய்ரூட்டில் பாலஸ்தீனப் பெற்றோருக்குப் பிறந்த மோனா ஹாத்தூம், 1975-இல் லெபனான் போர் மூண்டதால் லண்டனிலேயே தங்க நேர்ந்தவர். 1988-இல் அவர் செய்த வீடியோவில், குளிக்கும் அம்மாவின் புகைப்படங்கள்மேல் அம்மா எழுதிய கடிதங்களின் அரபு வரிகள் வலைபோலப் படர்ந்திருக்கும். பின்னணியில் இருவரும் அரபியில் பேசிச் சிரிக்கும் ஒலிநாடா. கூடவே அந்தக் கடிதங்களை மகள் ஆங்கிலத்தில் வாசிக்கும் தனிமையான குரல். எழுத்தை விலக்கிவிட்டு அம்மாவைப் பார்க்கவே முடியாது. பார்க்கும்போது தொண்டை அடைக்கும்.

செலவு, வசதி என்றால் வீடியோதான், சரி. ஆனால் தொலைந்த ஊரைத் தேடுபவருக்கு நான் ஃபிலிமைச் சொல்வேன். இரண்டு மொழிகளுக்கு நடுவே வாழ்பவருக்கு வீடியோவை.