தார் பாலைவனத்தைப் படிக்க எந்த நூலை முதலில் எடுப்பது?

தார் பாலைவனத்தின் மண்ணையும் மக்களையும் நூல்களின் வழியே அறிய விரும்புகிறவர்களுக்கு வழக்கமாக முதலில் சொல்லப்படும் பெயர் ஜேம்ஸ் டாட். அவருடைய 'அனல்ஸ் அண்ட் ஆண்டிக்விட்டிஸ் ஆஃப் ராஜஸ்தான்' படிக்க வேண்டிய நூல்தான். ஆனால் அதை முதலில் படிக்காமல் கடைசியில் படிப்பதே நல்லது என்று கருதுகிறேன். ஒரு நிலத்தைப் பற்றிய நூலை எடைபோடும்போது, ஆசிரியர் யார் சொல்லக் கேட்டு எழுதினார் என்பதையே நான் முதலில் பார்க்கிறேன். அந்தப் பார்வையில் டாட் பின்னுக்குப் போகிறார். நீர்ப் பாதுகாப்பைப் பற்றி எழுதிய அனுபம் மிஸ்ராவும், நாட்டார் வழக்காற்றியல் அறிஞர் கோமல் கோத்தாரியும் முன்னுக்கு வருகிறார்கள்.

கிழக்கிந்தியக் கம்பெனியின் அதிகாரியாக 1818 முதல் 1822 வரை மேற்கு ராஜபுத்திர அரசுகளில் பணியாற்றிய டாட், தாம் திரட்டியவற்றை 1829, 1832 ஆகிய ஆண்டுகளில் இரு பெருந்தொகுதிகளாக வெளியிட்டார். அரசர்களின் புகழ் பாடிய பாணர்களின் வமிசாவளிகளும், ஞானச்சந்திரர் என்ற சமணத் துறவியின் துணையோடு படித்த ஏடுகளும் அவருக்கு முக்கிய ஆதாரங்கள். ஆதலால் போரும் வாரிசுரிமையும் குலமானமும் பக்கம் பக்கமாக விரிகின்றன. கிணறு வெட்டியவரும் ஆடு மேய்த்தவரும் ஓரத்தில் நின்றுவிடுகிறார்கள். ராஜபுத்திர அரசுமுறையை ஐரோப்பிய நிலமானிய முறையின் அச்சில் வார்த்துக் காட்டும் அவருடைய முயற்சியைப் பின்வந்த வரலாற்றாசிரியர்கள் பலர் மறுத்திருக்கிறார்கள். பாலைவனத்திற்கென்றே ஒரு பகுதியை ஒதுக்கிய அவர், ஜோத்பூருக்கு அருகிலுள்ள மண்டோருக்கு அப்பால் அதன் உட்பகுதிக்குத் தாம் சென்றதில்லை என்பதை அங்கேயே எழுதிவிடுகிறார். அந்த நேர்மையை மதிக்கிறேன். ஆனால் பாலைவனத்தை அறியப் புறப்படும் வாசகர் இதையும் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

இதற்கு நேரெதிர்த் திசையிலிருந்து வருவது அனுபம் மிஸ்ரா 1995இல் இந்தியில் எழுதிய 'ராஜஸ்தான் கீ ரஜத் பூந்தேன்'. இதில் அரசர்கள் அரிதாகவே வருகிறார்கள். மழைத்துளி எங்கே விழுகிறது, எங்கே தங்குகிறது, அதை மனிதர்கள் எப்படிக் கையில் ஏந்திக்கொள்கிறார்கள் என்பதே நூல் முழுவதும் பேசப்படுகிறது. மேற்பரப்பில் ஓடும் மழைநீர் 'பாலர் பானி', ஆழத்து நிலத்தடி நீர் 'பாதாள் பானி', இரண்டுக்கும் நடுவே மணலில் ஈரமாகத் தங்கியிருப்பது 'ரேஜானி பானி' என்று அந்த மக்கள் தண்ணீரை மூவகையாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். சூரு, பீகானேர், ஜைசல்மேர், பாட்மேர் பகுதிகளில் சில இடங்களில் மணலுக்கு அடியில் ஜிப்சம் அடுக்கு ஒன்று ஓடுகிறது. கீழேயுள்ள உப்புநீரோடு மழையின் ஈரம் கலந்துவிடாமல் தடுப்பது அந்த அடுக்குதான். அதற்கு மேலே தேங்கிய ஈரத்தைச் சொட்டுச் சொட்டாகத் திரட்டுவதற்கு வெட்டப்படும் ஒடுங்கிய கிணறு 'குயீன்' எனப்படுகிறது.

அந்தக் கிணற்றை வெட்டும் காட்சியை மிஸ்ரா எழுதியிருக்கும் விதம், இந்த நூலை மற்றவற்றுக்கு முன்னால் வைக்க என்னைத் தூண்டுகிறது. கையை வீசக்கூட இடமில்லாத குழிக்குள் ஓர் ஆள் குட்டைக் கைப்பிடிக் கருவியால் தோண்டுகிறார். கீழே வெக்கை தாங்க முடியாது. மேலே நிற்பவர்கள் அவ்வப்போது கைப்பிடி மணலை வேகமாக உள்ளே வீசுகிறார்கள். அதோடு புதுக்காற்று கீழே இறங்க, புழுக்கம் மேலேறுகிறது. விழும் மணலிலிருந்து காத்துக்கொள்ள அவர் தலையில் உலோகக் கவசம் அணிந்திருக்கிறார். ஒரு நாளில் ஊறுவது இரண்டு மூன்று குட நீர்தான் என்பதால், வாய் அகன்றிருந்தால் அந்த நீர் அடியில் பரவி வாளியில் சிக்காது, ஆவியாகியும் போகும். அதனால்தான் குயீனின் வாய் சிறியதாக வைக்கப்படுகிறது. கிணறு அவரவர்க்குச் சொந்தம், ஆனால் அது நிற்கும் நிலம் ஊருக்குப் பொது. ஆகவே புதிதாக ஒன்றை வெட்ட ஊரார் எளிதில் இசைவதில்லை. பொறியியலும் ஊர்க் கட்டுப்பாடும் ஒரே பத்தியில் பிரிக்க முடியாமல் வருவதை இவ்வளவு தெளிவாகக் காட்டிய நூல் இவற்றுள் வேறில்லை.

ஆனால் இதற்கும் ஒரு குறை உண்டு. சமூகத்தின் கூட்டறிவைப் போற்றும் வேகத்தில், அந்தச் சமூகத்திற்குள் யார் தண்ணீரைத் தொடலாம், யார் தொடக் கூடாது என்ற கேள்வியை மிஸ்ரா மெதுவாகக் கடந்துவிடுகிறார். பாலைவனச் சமூகத்தின் சாதிக் கட்டமைப்பை அறிய, கோமல் கோத்தாரியோடு நடத்திய உரையாடல்களைக் கொண்டு ருஸ்தம் பரூச்சா 2003இல் வெளியிட்ட 'ராஜஸ்தான்: ஆன் ஓரல் ஹிஸ்டரி' என்ற நூலுக்குத்தான் போக வேண்டும். 1960இல் எழுத்தாளர் விஜய்தான் தேத்தாவோடு போருந்தா கிராமத்தில் ரூபாயன் சன்ஸ்தான் என்ற நாட்டார் வழக்காற்றியல் நிறுவனத்தை நிறுவிய கோத்தாரி, எழுதியதைவிடப் பேசியதும் பதிவு செய்ததுமே அதிகம். ராஜஸ்தானை அரசுகளின் எல்லைகளைக் கொண்டு பிரிக்காமல், கம்பு, சோளம், மக்காச்சோளம் என உண்ணும் தானியத்தைக் கொண்டு பிரித்துப் பார்த்தவர் அவர். மாங்கணியார் இசைக்கலைஞர்கள் முஸ்லிம்களாக இருந்தும் அவர்களுடைய புரவலர்களில் பெரும்பாலோர் இந்துக்கள் என்பதும், புரவலர் வீட்டுப் பிறப்பும் திருமணமும் அவர்களுடைய பாட்டில்லாமல் நிறைவுறுவதில்லை என்பதும் அவர் பேச்சில் வெறும் நல்லிணக்கக் கதையாக வருவதில்லை; உரிமையும் கடமையும் கூலியும் பின்னிய உறவாக வருகின்றன. உரையாடலின் போக்கில் அமைந்த நூலாதலால் சில இடங்களில் இழை அறுபடுகிறது. பொறுமையோடு படிக்க வேண்டும்.

ஒட்டகம் வளர்ப்போரைப் பற்றி அறிய இரண்டு நூல்கள் உள்ளன. ராபின் டேவிட்சன் 1996இல் எழுதிய 'டெசர்ட் பிளேசஸ்' கால்நடை மேய்க்கும் ரபாரி மக்களோடு பயணம் செய்யப் புறப்பட்ட ஒருவரின் அலைச்சலையே அதிகம் சொல்கிறது. எழுத்து அழகானது, ஆனால் ரபாரிகள் தொலைவிலேயே நிற்கிறார்கள். கால்நடை மருத்துவரான இல்சே கோலர்-ரோலஃப்சன், ரபாரிகளோடு சேர்த்து எண்ணப்படும் ரைக்கா மக்களிடையே இருபதாண்டுகளுக்கும் மேல் பணியாற்றியபின் 2014இல் வெளியிட்ட 'கேமல் கர்மா' நடையில் எளியது, செய்தியில் செறிவானது. ஒட்டகத்தை இறைச்சிக்கு விற்பதை ரைக்காக்கள் தலைமுறைகளாக மறுத்து வந்ததையும், மேய்ச்சல் நிலம் சுருங்கச் சுருங்க அந்த நெறியோடு வாழ்வது கடினமானதையும் அது விளக்குகிறது. 2019 கால்நடைக் கணக்கெடுப்பில் இந்தியா முழுவதுமே சுமார் இரண்டரை லட்சம் ஒட்டகங்கள்தான் எஞ்சியிருந்தன. ஆகவே இரண்டில் ஒன்றுக்கே நேரமிருந்தால் நான் பின்னதையே கைகாட்டுவேன்.

இவற்றுக்குப் பிறகு டாட்டிடம் திரும்பினால், அவரிடம் மட்டுமே கிடைக்கும் ஒன்று கண்ணில் படும். 1947க்குப் பின் வந்த நூல்கள் இயல்பாகவே எல்லைக்கோட்டின் இந்தப் பக்கத்தில் வேர்கொண்டவை. அந்தக் கோடு இல்லாத காலத்தில் எழுதிய டாட்டோ, இன்று சிந்து மாகாணத்திலுள்ள உமர்கோட்டையும் அதைச் சூழ்ந்த தாட் பகுதியையும் ஜைசல்மேரோடு சேர்த்து ஒரே நிலமாக விவரிக்கிறார். அரச வரலாறுகளைத் தள்ளிவைத்துவிட்டு அந்தப் பகுதியை மட்டும் படிப்பதாக இருந்தாலும், அவரைக் கையில் எடுக்கலாம்.