கரண்ட் வைத்த பிறகு ஆசனவாயில் ரத்தமா? மூலம் என்று யாரையும் கைவைக்க விடாதீர்கள்

கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய், கர்ப்பப்பைப் புற்றுநோய், புராஸ்டேட் புற்றுநோய் என்று எதற்காகவாவது இடுப்புப் பகுதியில் கரண்ட் (கதிர்வீச்சு) வைத்துக்கொண்டவர்களும் அவர்களைப் பார்த்துக்கொள்பவர்களும் இதைக் கடைசிவரை படியுங்கள். சிகிச்சை முடிந்து பல மாதம் கழித்து மலத்தோடு ரத்தம் வந்தால், மூல கிளினிக்குக்குப் போகாதீர்கள். கரண்ட் வைத்த ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

ஒரு அம்மாவுக்கு நடந்ததைக் குடும்பத்தாரின் சம்மதத்தோடு, ஊர் பேர் இல்லாமல் எழுதுகிறோம். கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய். 25 நாள் வெளிக்கரண்ட் (உடலுக்கு வெளியிலிருந்து மெஷினில் கொடுப்பது), அதன்பின் உள்கரண்ட் (பிறப்புறுப்பு வழியாக உள்ளே வைத்துக் கொடுப்பது). நோய் நன்றாகக் கட்டுப்பட்டு, வீட்டு வேலைக்கெல்லாம் திரும்பிவிட்டார். ஒரு வருடத்துக்கு மேல் ஆன பிறகு மலம் கழிக்கும்போது சொட்டுச் சொட்டாகச் சிவப்பு ரத்தம். வலி இல்லை. பக்கத்து ஊரில் "ஆபரேஷன் இல்லாமல் மூலம், பவுத்திரம் குணம்" என்று சுவரெல்லாம் எழுதியிருந்த கிளினிக்குக்குக் கூட்டிப்போனார்கள். குழாய் விட்டுப் பார்த்தது ஐந்து நிமிடம். "மூன்றாம் நிலை மூலம், இன்றே முடித்துவிடலாம்" என்றார்கள். மகள், "அம்மாவுக்குக் கரண்ட் வச்சிருக்கு சார்" என்று சொல்லியிருக்கிறார். "அது வேற, இது வேற" என்பதுதான் பதில்.

அன்றே ஒரு ஊசியும் இரண்டு ரப்பர் வளையமும் போட்டார்கள். ரசீதில் "மூலம் பேக்கேஜ்" என்று ஒரே வரி. என்ன ஊசி, எத்தனை மில்லி, யார் போட்டது, எதுவும் இல்லை. பத்து நாளில் கடுமையான வலி, நாற்றத்தோடு நீர். திரும்பப் போனபோது, "புண் ஆகியிருக்கிறது, சதை எடுத்துப் பரிசோதிக்கலாம்" என்று அந்தப் புண்ணிலிருந்தே, அதுவும் மலக்குடலின் முன்சுவரிலிருந்து, சதை எடுத்தார்கள். ரிப்போர்ட்டில் புற்றுநோய் இல்லை. சில வாரத்தில் பிறப்புறுப்பு வழியாகக் காற்றும் நீராக மலமும் வர ஆரம்பித்தது. இரண்டு உறுப்புக்கும் நடுவே துளை விழுந்துவிட்டது. இப்போது மலம் வெளியேற வயிற்றில் பை வைத்திருக்கிறார்கள். சொட்டு ரத்தத்தோடு போனவர் பையோடு திரும்பினார். இது நடந்திருக்கவே வேண்டாம் என்பதுதான் தாங்க முடியாத விஷயம்.

ஏன் இப்படி ஆகிறது? மலக்குடலின் முன்சுவர் கர்ப்பப்பை வாய்க்கும் பிறப்புறுப்புக்கும் ஒட்டினாற்போல இருக்கிறது. ஆண்களுக்குப் புராஸ்டேட் அதே இடத்தில். இடுப்புக்கு வழக்கமாகக் கொடுக்கும் 45 முதல் 50 கிரே (கதிர்வீச்சை அளக்கும் அலகு) வெளிக்கரண்டுக்கு மேல் உள்கரண்டும் சேரும்போது, எவ்வளவு கவனமாகத் திட்டமிட்டாலும் முன்சுவருக்குக் கணிசமான பங்கு போய்ச் சேரும். அங்குள்ள நுண்ணிய ரத்தக்குழாய்களின் உட்சுவர் தடித்து, மெல்ல மெல்ல அடைபட்டுப் போகின்றன. ரத்த ஓட்டம் குறைந்த திசு வெளிறி, இறுகிவிடும். அதை ஈடுகட்டப் புதிதாக மெல்லிய குழாய்கள் மேற்பரப்பில் சிலந்திக்கால் போலப் படரும். சுவரில் பலமே இல்லாத குழாய்கள் அவை. கெட்டியான மலம் உரசினாலே ரத்தம் கசியும். பெரும்பாலும் சிகிச்சை முடிந்து ஆறு மாதத்திலிருந்து இரண்டு வருடத்துக்குள் தொடங்கும், சிலருக்கு அதற்கும் பின்னால். கரண்ட் நடக்கும்போதே வரும் வயிற்றுப்போக்கும் எரிச்சலும் வேறு வகை. அது சில வாரத்தில் அடங்கிவிடும்.

சாதாரண மூலத்துக்கு வளையம் போட்டால் அந்தச் சதை ரத்த ஓட்டம் இழந்து உதிர்ந்து, அடியில் உள்ள புண் ஆறிவிடும். நல்ல திசுவில்தான் இது நடக்கும். கரண்ட் பட்ட திசுவுக்கு ஆறும் சக்தி மிகக் குறைவு. வளையம் போட்ட இடமும், ஊசி போட்ட இடமும், சதை கிள்ளிய இடமும் ஆறாத புண்ணாக நின்றுவிடலாம், சீழ் பிடிக்கலாம். முன்சுவருக்கும் பிறப்புறுப்புக்கும் இடையே இருப்பது சில மில்லிமீட்டர் தடிமன்தான். புண் ஆழமானால் துளைதான்.

உங்களுக்கு மூலமும் இருக்கலாம், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் மூல கிளினிக்கில் விட்டுப் பார்க்கும் அந்தச் சிறிய குழாயில் தெரிவது ஆசனவாய்க்கு மேலே சில சென்டிமீட்டர் மட்டுமே. வளையும் ஸ்கோப் (கேமரா வைத்த நீண்ட குழாய்) விட்டுப் பார்த்தால்தான் வெளிறிய சுவரும் அதன்மேல் படர்ந்த சிவப்புக் குழாய்களும் தெரியும். வேறு கட்டி இல்லை என்பதையும் அதில்தான் உறுதிசெய்ய முடியும். ஸ்கோப் செய்யும் டாக்டரிடம் முதல் வாக்கியமாகவே, "இடுப்பில் கரண்ட் வைத்திருக்கிறது, முன்சுவரில் சதை எடுக்க வேண்டாம், தேவைப்பட்டால் எங்கள் கேன்சர் டாக்டரிடம் பேசுங்கள்" என்று சொல்லுங்கள். உண்மையிலேயே சந்தேகத்துக்குரிய கட்டி இருந்தால் சதை எடுக்கத்தான் வேண்டும், அதை இருவரும் கலந்து முடிவு செய்யட்டும். வழக்கத்துக்காக எடுப்பதைத்தான் மறுக்கச் சொல்கிறோம்.

போகும்போது டிஸ்சார்ஜ் சம்மரியும் கரண்ட் கார்டும் கையில் இருக்கட்டும். மொத்தம் எத்தனை கிரே, எத்தனை முறை, உள்கரண்ட் எத்தனை தடவை, முடிந்த தேதி என்ன என்பது அதில் இருக்கும். ஆஸ்பிரின், குளோபிடோக்ரல், வார்ஃபரின் போன்ற ரத்தம் உறையாமல் தடுக்கும் மாத்திரைகள் சாப்பிடுகிறவர்கள் அதைக் கட்டாயம் சொல்லுங்கள். நீங்களாக நிறுத்தாதீர்கள், இதய ஸ்டென்ட் வைத்தவர்களுக்கு அது உயிராபத்து. பெண்கள் ரத்தம் எங்கிருந்து வருகிறது என்பதையும் கவனியுங்கள். பிறப்புறுப்பிலிருந்தோ சிறுநீரிலிருந்தோ வருவதைப் பலர் மலத்தில் வருவதாக நினைத்துக்கொள்கிறார்கள். ஹீமோகுளோபினும் ஃபெரிட்டினும் (உடலில் உள்ள இரும்புச் சேமிப்பைக் காட்டுவது) பார்க்கச் சொல்லுங்கள்.

எப்போதாவது நாலு சொட்டுதான், ஹீமோகுளோபின் குறையவில்லை என்றால், ஸ்கோப்பில் உறுதிசெய்த பிறகு மலத்தை இளக்கி வைத்துக் காத்திருப்பதே போதும். பலருக்கு நாளாவட்டத்தில் தானாகக் குறையும். இசப்கோலோ லாக்டுலோஸோ எடுத்துக்கொண்டு, முக்காமல் போவதுதான் முக்கியம். இரும்புச்சத்து மாத்திரை சிலருக்கு மலத்தை இறுக்கும், கறுப்பாகவும் ஆக்கும். அப்படியானால் நரம்பு வழியாக ஏற்றும் இரும்பு பற்றிக் கேளுங்கள். மெடிக்கலில் தரும் மூல ஆயின்மென்ட் இந்தக் குழாய்கள் இருக்கும் இடத்துக்கே போய்ச் சேராது, காசு வீண்.

ரத்தம் தொடர்ந்தால் அடுத்தபடி சுக்ரால்ஃபேட் எனிமா, அதாவது அந்த மருந்தை ஆசனவாய் வழியாக ஏற்றுவது. சண்டிகர் பி.ஜி.ஐ. (அரசு மருத்துவ உயர்கல்வி நிறுவனம்) மருத்துவர்கள் 1991இல் வெளியிட்ட ஆய்வில், 10 சதவீத சுக்ரால்ஃபேட் 20 மில்லியைக் காலையும் இரவும் ஏற்றியபோது, சல்ஃபாசலசின் என்ற குடல் அழற்சி மாத்திரையும் ஸ்டீராய்டு எனிமாவும் கொடுத்ததைவிட நல்ல பலன் கிடைத்தது. அதாவது ஒரு வேளைக்கு 2 கிராம். அல்சருக்குக் குடிக்கக் கொடுக்கும் அதே வெள்ளை மருந்துதான். வாங்கும்போது லேபிளைப் பாருங்கள். கம்பெனிக்குக் கம்பெனி ஒரு கிராம் 5 மில்லியிலும் இருக்கும், 10 மில்லியிலும் இருக்கும். ஆக்ஸெட்டகெய்ன் (மரத்துப்போகச் செய்யும் மருந்து) கலந்த பாட்டிலைக் கடைக்காரர் மாற்றிக் கொடுப்பது சாதாரணம், கலக்காத தனி சுக்ரால்ஃபேட் கேளுங்கள். மலம் கழித்த பிறகு இடப்பக்கம் சரிந்து படுத்து, ஜெல் தடவிய மெல்லிய ரப்பர் குழாயில் சிரிஞ்சு வைத்து மெதுவாக ஏற்ற வேண்டும். தடுத்தால் தள்ளாதீர்கள். ஏற்றிய பிறகு ஒரு முறை முழுதாகப் புரண்டுவிட்டுக் குப்புறப் படுங்கள். பாதிப்பு முன்சுவரில் என்பதால் மருந்து அங்கேதான் தங்க வேண்டும். முடிந்தவரை அடக்கி வையுங்கள். முதல் தடவை நர்ஸ் செய்துகாட்டாமல் வீட்டில் தொடங்காதீர்கள். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் டாக்டரிடம் கேட்காமல் தொடவே வேண்டாம், இந்த மருந்தில் அலுமினியம் இருக்கிறது.

அதிலும் அடங்காவிட்டால் ஸ்கோப் வழியாக ஆர்கான் வாயுவால் குழாய்களைச் சுடும் முறை இருக்கிறது. ஏ.பி.சி. என்பார்கள். ஒன்றுக்கு மேற்பட்ட தடவை தேவைப்படலாம். இதற்கு முந்தின நாளே பாலி எத்திலீன் கிளைக்கால் பவுடர் கரைசல் குடித்துக் குடலை முழுதாகச் சுத்தம் செய்ய வேண்டும். "வெறும் எனிமா போதும், இப்பவே சுட்டுவிடலாம்" என்றால் எழுந்து வந்துவிடுங்கள். மலம் மிச்சமிருந்தால் குடலில் மீத்தேன், ஹைட்ரஜன் வாயு இருக்கும், பொறி பட்டு வெடித்துக் குடல் கிழிந்த சம்பவங்கள் மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கின்றன. மானிடால் கொடுத்துச் சுத்தம் செய்வதும் இதே காரணத்தால் கூடாது. இந்தச் சூடே ஆழமாகிவிட்டால் அதுவும் ஆறாத புண்தான், எனவே கரண்ட் பாதிப்பில் இதைச் செய்து பழகியவரிடமே போங்கள். ஃபார்மலின் என்ற ரசாயனத்தைக் கசியும் இடத்தில் வைப்பது, அழுத்த அறையில் ஆக்ஸிஜன் கொடுப்பது என்று வேறு வழிகளும் உண்டு. ஆக்ஸிஜன் சிகிச்சை சுமார் 90 நிமிடம் வீதம் 30, 40 அமர்வுகள், எல்லா ஊரிலும் கிடைக்காது.

கட்டி கட்டியாக ரத்தம், எழுந்து நின்றால் தலைசுற்றல், படபடப்பு, மூச்சுவாங்கல் என்றால் ஸ்கோப் தேதிக்குக் காத்திருக்காமல் அவசரப் பிரிவுக்குப் போங்கள். எடை குறைவது, ஒரு கால் வீங்குவது, விடாத இடுப்புவலி, நாற்றமடிக்கும் வெள்ளை, பிறப்புறுப்பில் காற்று பிரிவது இவற்றில் எது இருந்தாலும் அதே வாரத்தில் கேன்சர் டாக்டரைப் பாருங்கள்.

ஏற்கெனவே வளையமோ ஊசியோ போட்டுவிட்டார்கள் என்றால் வெட்கப்பட்டு மறைக்காதீர்கள், உடனே கேன்சர் டாக்டரிடம் சொல்லுங்கள். காய்ச்சல், அதிகமாகும் வலி, சிறுநீர் அடைப்பு மூன்றும் சேர்ந்தால் இடுப்புக்குள் சீழ் பரவுவதாக இருக்கலாம், அன்றிரவே போக வேண்டும். அந்த இடத்திலிருந்து என்ன செய்தார்கள் என்று எழுத்தில் வாங்குங்கள். உள்நோயாளியாக இருந்திருந்தால், 2002ஆம் ஆண்டு மருத்துவ நெறிமுறை விதிகளின்படி, பதிவேட்டு நகலைக் கேட்ட 72 மணி நேரத்துக்குள் கொடுத்தாக வேண்டும், மூன்று வருடம் பாதுகாக்கவும் வேண்டும். கேட்பதைக் கடிதமாகக் கொடுத்து, நகலில் தேதியோடு கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள். சிகிச்சை செய்தவரின் பதிவு எண் ரசீதில் இல்லையென்றால் தமிழ்நாடு மருத்துவக் கவுன்சில் பதிவில் பேரைத் தேடிப் பாருங்கள். பேரே இல்லாவிட்டால் உங்கள் மாவட்டத்தின் மருத்துவம் மற்றும் ஊரக நலப்பணிகள் இணை இயக்குநர் அலுவலகத்தில் ரசீதையும் ரிப்போர்ட்டையும் இணைத்து எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுங்கள். அசலைக் கொடுத்துவிடாதீர்கள், ஜெராக்ஸ் போதும்.