ஜெயித்தும் காரியம் நடக்கவில்லை: நிறைவேற்று மனுவா, அவமதிப்பு மனுவா?

வேலூர் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்தில் சிவில் வழக்கில் ஜெயித்தவர்கள் பலர், "எதிராளியை நீதிமன்ற அவமதிப்பில் உள்ளே தள்ள முடியாதா?" என்றுதான் முதலில் கேட்கிறார்கள். ஆத்திரம் நியாயமானது. ஆனால் இடமோ பணமோ கைக்கு வரவேண்டும் என்றால், தீர்ப்பை அமல்படுத்தித் தரும்படி கேட்கும் நிறைவேற்று மனுதான் சரியான வழி. தீர்ப்பு தந்த கோர்ட்டிலேயே போடலாம், 12 ஆண்டு அவகாசம் உண்டு. கோர்ட் ஊழியரான அமீனா நேரில் வந்து இடத்தை ஒப்படைப்பார்; பணப் பாக்கிக்குச் சொத்து ஜப்தியாகும்.

அவமதிப்பு மனு வேறு ரகம். பட்டா மாற்றச் சொன்ன உயர் நீதிமன்ற உத்தரவை அதிகாரி கிடப்பில் போட்டால் அதுதான் கைகொடுக்கும். சென்னைக்குப் போகவேண்டும், 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி ஓராண்டுக்குள். தண்டனை அதிகபட்சம் 6 மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். வேண்டுமென்றே மீறினார் என்று காட்டவேண்டும். அதனால் உத்தரவு நகலை முதலிலேயே தபாலில் அனுப்பி, பெற்றுக்கொண்டதற்கான அத்தாட்சியைப் பத்திரப்படுத்துங்கள்.